காலிப் பின்சீட்டு

தெருக் கேமராக்களே அன்றன்றைய காட்சிகளைக் கோத்து, கவிதை மாதிரி ஒரு குறும்படமாக்கி, மாலையில் தண்ணீர்த் தொட்டிச் சுவரில் ஓட்டிவிடும். அதில் வருவதற்காகவே எங்கள் தெருவில் சிலர் பட்டுப்புடவையில் குப்பை கொட்டப் போகிறார்கள். கேமரா அவர்களைச் சீந்துவதே இல்லை.

நேற்றைய படத்தின் நாயகன் மாடிவீட்டு ஏகாம்பரம். காலையில் மனைவி கோமளாவோடு சண்டை. காய்கறிக் கடை வாசலில் அவள் ஏறிவிட்டதாக நினைத்து ஸ்கூட்டரைக் கிளப்பியவர், காலிப் பின்சீட்டோடு பேசிக்கொண்டே வருகிறார்.

"இன்னும் கோவமா? தப்பு என் மேலதான் கோமு. இனிமே ராத்திரி பாத்திரமெல்லாம் நானே தேய்க்கிறேன். போதுமா?"

மெல்லிய தூறல். பின்னணியில் புல்லாங்குழல். சுவர் முன்னால் உட்கார்ந்து பார்த்த தெருவே கண்ணைத் துடைத்துக்கொண்டது.

ஆட்டோ பிடித்து வீடு வந்ததிலிருந்து அவரோடு பேசாதிருந்த கோமளா, கூட்டத்தில் எழுந்தாள். உதட்டோரம் சிரிப்பு.

"இத்தனை பேரு சாட்சி. வாங்க, சிங்க் ரொம்பிக் கெடக்கு."

ஏகாம்பரம் அங்கேயே சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டார். அவர்கள் சமையலறையில் கேமரா இல்லையே என்பதுதான் எங்கள் எல்லோருக்கும் வருத்தம்.