பச்சை கவுன்

"பச்சையா? முதல்ல அதை என் கண் முன்னாடியிருந்து எடுங்க!"

கதாநாயகி ஜிஸ்லேன் இரண்டடி பின்னால் நகர்ந்தாள். கவுனை நீட்டிக்கொண்டிருந்த ஒடில் அசையவில்லை.

இருபது வருடம் அடுத்தவர்கள் படத்துக்கு உடை தைத்தவள் ஒடில். இதுதான் அவள் இயக்கும் முதல் படம். நேற்று பதினான்கு டேக் எடுத்தும் இந்தக் காட்சி தேறவில்லை.

"நேத்து நீல கவுன்தானே போட்டேன்?"

"எனக்கு வேணுங்கிற சாயல் அதுல வரலை. இதுலதான் வரும்."

"நான் நாடகக்காரி மக, மேடம். மேடைக்காரங்களுக்குப் பச்சை ஆகாது. பச்சை உடுத்தி மேடை ஏறின அன்னிக்குத்தான் எங்கம்மா விழுந்து இடுப்பை ஒடிச்சுக்கிட்டா. தெரியுமில்ல?"

"தெரியும்."

"தெரிஞ்சுமா நீட்டுறீங்க?"

தயாரிப்பாளர் வசேர் கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார். "ஒடில், பன்னிரண்டு மணிக்குள்ள இந்த சீன் முடியலைன்னா நாளைக்கு வேற டைரக்டர் வருவார். ஊசி பிடிச்ச கைக்கு கேமரா எதுக்குன்னு அப்பவே எல்லாரும் கேட்டாங்க. நான்தான் காதுல போட்டுக்கலை."

விளக்குக்காரர்கள் வாய்க்குள்ளேயே சிரித்தார்கள். ஒடில் நீட்டிய கையை இறக்கவில்லை.

"உடுத்திக்கிட்டா ஒரே டேக், ஜிஸ்லேன். இல்லைன்னா ரெண்டு பேரும் வீட்டுக்குப் போகலாம்."

"எனக்கு ஏதாவது ஆச்சு, உங்க தலையிலதான் விடியும்!" கவுனைப் பிடுங்கிக்கொண்டு உடை மாற்றும் அறைக்குள் போனாள்.

பத்து நிமிடத்தில் கேமரா ஓடியது. வெளியே கொலைகாரன் நிற்பது தெரிந்தும் ஒரு பெண் கதவைத் திறக்கிற காட்சி. கைப்பிடியைத் தொட்டபோதே ஜிஸ்லேனின் விரல்கள் வெடவெடத்தன. உதடு வெளுத்தது. மேலே ஏதோ ஒரு விளக்கு லேசாகக் கிறீச்சிட, அலறிக்கொண்டு சுவரோடு ஒட்டிக்கொண்டாள்.

"கட்!"

இப்போது யாரும் சிரிக்கவில்லை. "அடேயப்பா, இந்தப் பொண்ணுக்கு இப்படி நடிக்க வருமா!" என்று வசேர் வாயைப் பிளந்தார்.

கேமராமேன் ரெமி மட்டும் ஒடிலின் காதருகே குனிந்தான். "ராத்திரி முழுக்கத் தூங்காம இதைத் தைச்சிருக்கீங்க, கண்ணைப் பார்த்தாலே தெரியுது. நாம எடுக்கிறது கறுப்பு வெள்ளைப் படமாச்சே மேடம். நீலமும் பச்சையும் ஒரே சாம்பலாத்தானே விழும்?"

"உன் கேமராவுக்கு ரெண்டும் ஒண்ணுதான், ரெமி. அவளுக்கு இல்லையே" என்றாள் ஒடில்.