மனுதாரர் வரவில்லை

கோர்ட் டவாலி வராந்தாவுக்குப் போய்த் தம்பியின் பெயரை மூன்று முறை கூப்பிட்டார். மூன்றையும் ஒரே மூச்சில் முடித்துவிட்டார். நடுவில் ஒரு மனிதன் ‘இருக்கேன்’ என்று சொல்வதற்கு இடமே விடவில்லை.

நான் கடைசி பெஞ்சிலிருந்து எழுந்தேன்.

“ஐயா, நான் அவனோட அக்கா. அவனுக்காக நான் வந்திருக்கேன்.”

நீதிபதி ஃபைலிலிருந்து தலையை நிமிர்த்தவில்லை. மனுதாரர் நேரில் வர வேண்டும், அக்கா வந்தால் செல்லாது என்று சொல்லி, கிளார்க் என்னை உட்காரும்படி கையைக் காட்டினார்.

எங்களுக்கு வக்கீல் கிடையாது. தம்பி தன் கைப்பட எழுதிய மனு, ஒரே ஒரு பக்கம். அதற்கு எண் போடவே ஐந்து மாதம் இழுத்தடித்தார்கள். அதுவும் போய்விட்டால் அவன் மேல் இருக்கிற வழக்கு இருந்த இடத்திலேயே கிடக்கும். அவனும்தான்.

முதல் வரியிலேயே முகவரியைக் கொட்டை எழுத்தில் எழுதியிருக்கிறான். இந்த அறையில் ஒருவர், ஒரே ஒருவர் அதைப் படித்திருந்தால், அவன் பெயரை வராந்தாவில் போய்க் கூவியிருக்க மாட்டார்கள்.

எதிர்த்தரப்பு அதிகாரி எல்லாருக்கும் முன்னதாகவே வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். மடிப்புக் கலையாத சட்டை, கையில் தண்ணீர் பாட்டில். அவருடைய வக்கீல் எழுந்து, மனுதாரர் மூன்று வாய்தாவாக வரவில்லை, இந்த மனுவில் அவருக்கு அக்கறை இல்லை என்றார்.

அக்கறை இல்லையாம்!

போன வாரம் பார்க்கப் போனபோது, வாய்தாவுக்குப் போட நல்ல சட்டை வேண்டும் என்றான். தையல் கம்பெனியில் நாளெல்லாம் ஊரான் சட்டைக்குக் காலர் வைக்கிறவள் நான். அவனுக்கு ஒன்று தைத்து, தேய்த்துக் கொடுத்துவிட்டு வந்தேன். இந்த நேரத்துக்கு அதைப் போட்டுக்கொண்டு, கதவையே பார்த்தபடி உட்கார்ந்திருப்பான். போன இரண்டு வாய்தாவுக்கும் அப்படித்தான் கதவைப் பார்த்துக்கொண்டிருந்தானாம்.

அந்த அதிகாரிக்கு இது தெரியும். தெரிந்துகொண்டே, ஒன்றும் அறியாத பச்சைப்பிள்ளை மாதிரி மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மனுதாரர் ஆஜராகாததால் மனு தள்ளுபடி என்றார் நீதிபதி. டவாலி அடுத்த பெயரைக் கூப்பிடப் போய்விட்டார்.

வெளியே வந்த அதிகாரியை நான் விடவில்லை. வழியை மறித்துக்கொண்டு நின்றேன்.

“நீங்க மட்டும் வந்தீங்களே சார், அவனை ஏன் கூட்டிட்டு வரல?”

“வண்டி இல்லம்மா. காவலுக்கு ஆளும் இல்ல” என்று கொஞ்சம்கூடக் கூசாமல் சொல்லிவிட்டு அவர் படியிறங்கினார்.

வாசலில் வண்டி நின்றது. ஜன்னல்களில் கம்பிவலை அடித்த நீல வண்டி. டிரைவர் ஓடிவந்து சல்யூட் வைத்து, சிறைக் கண்காணிப்பாளருக்கு முன்கதவைத் திறந்துவிட்டார். அவருடன் வந்த இரண்டு காவலர்கள் பின்னால் ஏறிக்கொண்டார்கள். இருபது பேர் உட்காரும் வண்டியில் மிச்ச இடமெல்லாம் காலியாகப் போயிற்று.

மனுவின் நகல் என் கையிலேயே இருந்தது. தம்பி அதில் கேட்டிருந்தது ஒன்றே ஒன்றுதான்.

வாய்தா நாட்களில் என்னைச் சிறையிலிருந்து நீதிமன்றத்துக்கு அழைத்து வர உத்தரவிட வேண்டும்.