நாலாவது அல்பத்திலிருந்து

குழுவில் இன்ஸாப் போட்ட படத்தைப் பார்த்ததும் மிதுஷனுக்குக் கோபம் உச்சந்தலை வரை ஏறியது.

கொழும்பில் மெட்டல் இசை கேட்கிறவர்களின் வட்ஸ்அப் குழு அது. முந்தின நாள்தான் மிதுஷன் அதில் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு அறிவித்திருந்தான். ஹைகாகே என்ற ஜப்பானிய மெட்டல் குழுவின் அத்தனை அல்பங்களும் தன்னிடம் ஃபிளாக் கோப்புகளாக இருக்கின்றன, சீடியில் உள்ள ஒலியில் ஓர் இம்மியும் குறையாமல். நகோயாவில் இருக்கும் அண்ணன் யோகராஜ் அனுப்புகிறார். வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம்.

இன்ஸாப் எடுத்தான். எடுத்தவன் கேட்டுவிட்டுச் சும்மா இருந்திருக்கலாம். பாட்டின் ஒலியைப் படமாக விரித்துக் காட்டும் மென்பொருளில் போட்டுப் பார்த்தான்.

சீடியிலிருந்து எடுத்த பாட்டென்றால் அந்தப் படம் உச்சி வரை போகும். இது முக்கால் உயரத்தில், கத்தரித்த வேலி மாதிரி நேராக நின்றது. அதற்கு மேல் வெறும் கறுப்பு. இணையத்தில் கிடந்த, ஒலியைச் சுருக்கிய எம்பி3யை எடுத்து ஃபிளாக் என்ற பெரிய பெட்டிக்குள் போட்டு மூடியிருக்கிறார்கள்.

படத்துக்குக் கீழே வரிசையாகச் சிரிக்கும் முகங்கள்.

வெள்ளவத்தை வீட்டின் சின்ன அறைக்குள் கதவைச் சாத்திக்கொண்டு மிதுஷன் ஒவ்வொரு அல்பமாகத் திறந்து பார்த்தான். முதல் மூன்றும் அசல். நாலாவதிலிருந்து, அதாவது பெப்ரவரிக்குப் பிறகு வந்தவை, ஒன்று விடாமல் போலி.

ஆனால் அண்ணன் எழுதியது என்ன? சாப்பாட்டுப் பெட்டி அடைக்கும் தொழிற்சாலையில் இரவு வேலை முடித்து, ரயில் நிலையத்துக்குப் பக்கத்துப் பழைய சீடிக் கடையில் தேடி வாங்கி, அறைக்கு வந்து தானே கணினியில் ஏற்றியதாக ஒவ்வொரு முறையும் எழுதினார். கடைக்காரர் குனிந்து வணங்கியதை எழுதினார். ஏழாவது அல்பத்தை வாங்கப் போய் மழையில் நனைந்து காய்ச்சல் வந்ததாகவும் எழுதினார்.

அந்தக் காய்ச்சலை நம்பி மிதுஷன் கவலைப்பட்டிருந்தான். நினைக்க நினைக்கப் பற்றிக்கொண்டு வந்தது.

குழுவில் சிரித்தால் சிரித்துவிட்டுப் போகட்டும். அண்ணன் ஒன்றைச் சொன்னால் அதற்கு மறுபேச்சில்லை என்று சின்ன வயதிலிருந்து இருந்தவன் அவன். ஒரு பாட்டு விஷயத்தில் இத்தனை பொய் சொல்கிற மனிதர் வேறு எதில் உண்மை சொல்லியிருப்பார்?

அழைத்தான். வழக்கம் போல எடுக்கவில்லை. எப்போது அழைத்தாலும் வேலை, எப்போது பார்த்தாலும் வேலை. குரல் செய்தி அனுப்புவதென்று பெருவிரலால் திரையை அழுத்திப் பிடித்தான்.

“நீ எல்லாம் ஒரு அண்ணனோ? ஜப்பானுக்குப் போய்ப் பொய் சொல்லத்தான் படிச்சனியோ? உன்னை நம்பினதுக்கு நாலு பேருக்கு முன்னால என்னைப் பேயனாக்கிப் போட்டாய். இனி எனக்கு ஒண்டும் அனுப்பத் தேவையில்லை. இந்த வீட்டுப் பக்கம் வரவும் தேவையில்லை, விளங்குதோ?”

இன்னும் இருந்தது. மூச்சு வாங்கிக்கொண்டு அடுத்ததைத் தொடங்கும்போது கதவு திறந்தது.

அம்மா பாலேஸ்வரி வெளியே புறப்பட்ட கோலத்தில் நின்றார். கையில் பை. பைக்குள் இன்னும் சூடு ஆறாத சோற்றுப் பார்சல். எவ்வளவு நேரமாகக் கதவுக்கு அந்தப் பக்கம் நின்றாரோ தெரியாது, முகம் வெளிறிக் கிடந்தது.

கத்துவார் என்றுதான் மிதுஷன் நினைத்தான். கத்தினால் பதிலுக்குக் கத்தவும் தயாராக இருந்தான். அம்மா பையை அவனுடைய மேசை மேல் வைத்தார்.

“ஏசுறதெண்டா நேரில போய் ஏசு, தம்பி. 155 பஸ்ஸில ஏறினா கொட்டாஞ்சேனையில இறங்கலாம், கோயிலுக்குப் பின்னால மாடி அறையில இருக்கிறான். சோத்தையும் கொண்டு போய்க் குடு, காலமையும் சாப்பிட்டிருக்க மாட்டான்.”

“அண்ணனோ? கொழும்பிலயோ?” என்றான் மிதுஷன்.

அம்மா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். “விசாவைப் புதுப்பிச்சுக் குடுக்காமல் பெப்ரவரியிலயே திருப்பி அனுப்பிப் போட்டாங்கள். வீட்ட வா எண்டு எத்தினை தரம் கெஞ்சினன். நீ இப்ப சொன்னியே, அதைத்தான் நீ சொல்லுவாய் எண்டு அவன் வந்த அண்டைக்கே சொன்னவன்.”

பதிவு இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. மிதுஷன் பெருவிரலைத் திரையிலிருந்து எடுக்கவில்லை. எடுத்தால் அது அண்ணனுக்குப் போய்விடும்.