எண்பத்தெட்டு, எண்பத்தெட்டு

“எண்பத்தெட்டு, எண்பத்தெட்டு!”

சமையலறைத் திரைக்குப் பின்னாலிருந்து நஜ்முன்னிசாவின் குரல் கணீரென்று வந்தது. முன்கூடத்தில் தேநீர் குடித்துக்கொண்டிருந்த தெய்வநாயகம் உதட்டைப் பிதுக்கினார். எதிரே உட்கார்ந்திருந்த அவள் கணவன் தாவூதின் முகம் சுருங்கிப்போயிற்று.

“இன்னைக்கும் இல்ல பாய். காத்துல ஈரம் சொட்டுது.”

“என்னய்யா பேச்சு இது? வெயில் மண்டையப் பொளக்குது. கொல்லையில போட்ட கருவாடு மொறுமொறுன்னு காஞ்சு கிடக்கு. ஈரம் எங்கேருந்து வரும்?”

“கருவாட்டக் கேட்டா எங்க துரை கையெழுத்துப் போடுவாரு?”

தெய்வநாயகம் தீ இன்சூரன்ஸ் கம்பெனி ஆள். தாவூத் ஆசை ஆசையாக மண்ணெண்ணெய் அடுப்பு ஒன்று வாங்கிவிட்டான். அவர்கள் குடியிருந்த காஜா பேராங் வட்டாரத்தில் அப்போது அது புதுசு. ஆனால், கம்பெனி சோதித்துப் பார்த்துச் சீட்டுக் கொடுக்கும்வரை சமையலறையில் ஒரு நெருப்புக்குச்சிகூடக் கிழிக்கக் கூடாது என்று வாடகைக்கு விட்ட வீட்டுக்காரர் சொல்லிவிட்டார்.

சோதனைக்கு முன்னால் காற்றை அளக்க வேண்டும். அதற்காக ஒரு பலகையில் இரண்டு வெப்பமானிகள். ஒன்று சும்மா இருக்கும். மற்றதன் குமிழில் துணி சுற்றி, அதன் நுனியைத் தண்ணீர்க் கிண்ணத்தில் விட்டிருக்கும். காற்று காய்ந்திருந்தால் துணியின் ஈரம் ஆவியாகி, அந்தப் பக்கத்துப் பாதரசம் இறங்கும். இரண்டும் ஒரே அளவில் நின்றால் காற்று முழுக்க ஈரம் என்று பொருள். அந்த மாதிரி நாளில் அடுப்பு ஒழுங்காக எரிகிறதா, விஷப்புகை கக்குகிறதா என்று நம்பிச் சொல்ல முடியாதாம்.

தெய்வநாயகம் பலகையை மாட்டி, துணியை நனைத்துவிட்டு முன்கூடத்துக்கு வந்துவிடுவார். பெண்கள் புழங்கும் இடத்தில் அந்நிய ஆண் நின்றுகொண்டிருக்க முடியாதே! அரைமணி கழித்து நஜ்முன்னிசா திரைக்குப் பின்னாலிருந்து அளவைப் படித்துச் சொல்வாள்.

“கோச்சுக்காதீங்க பாய். அம்மா ஒருவேளை மாத்திப் படிச்சிருப்பாங்களோ?”

தாவூதுக்குச் சுருக்கென்றது. “அவளா? நாலாம் வகுப்பு வரைக்கும் படிச்சவய்யா. பொய்யின்னா என்னன்னே தெரியாது. கல்யாணமான அன்னைக்கே என்னைப் பார்த்து, ‘மூக்குக் கொஞ்சம் பெருசுதான்’னு சொன்னவ!”

திரைக்குப் பின்னால் வளையல் குலுங்கியது.

தெய்வநாயகம் போன பிறகு தாவூத் அடுக்குச் சட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பினான். சில நாட்களாக இதே பிழைப்பு. ஜாலான் துக்காங் எமாஸ் தெருவில் இருக்கும் தன் துணிக்கடையைப் பாதியில் விட்டுவிட்டு, சாப்பாட்டுக் கடையில் வரிசையில் நின்று, சோறும் மீன்கறியும் வாங்கிக்கொண்டு வேர்க்க விறுவிறுக்க வீட்டுக்கு ஓடிவர வேண்டும்.

“கடைச் சோறு நாக்குல ஒட்டவே மாட்டேங்குது மச்சான்” என்று நஜ்முன்னிசா அலுத்துக்கொண்டாள். இரண்டாவது முறை சோறு போட்டுக்கொண்டாள். “கையி ரெண்டும் சமைக்கணும் சமைக்கணும்னு துடிக்குது. நாளைக்கு அந்தக் கோழிக்கறி கிடைச்சா வாங்கிட்டு வாங்க.”

பாவம், வேலை இல்லாமல் பொழுது போகவில்லை அவளுக்கு. பக்கத்து வீட்டு அஸ்மாவோடு சாயங்காலம்வரை பல்லாங்குழி ஆடி எப்படியோ சமாளிக்கிறாள்.

தாவூதின் கவலை வேறு. வெள்ளிக்கிழமை சிங்கப்பூரிலிருந்து அண்ணன் குடும்பத்தோடு வருகிறார். ‘விறகு மலிஞ்ச ஊர்ல எண்ணெய் அடுப்பு எதுக்குடா?’ என்று கேட்டவர். அவருக்குக் கடைச் சோற்றைப் போட்டால் ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவார்.

புதன்கிழமையும் “எண்பத்தெட்டு, எண்பத்தெட்டு!” என்றே குரல் வந்தது. தாவூத் துள்ளி எழுந்தான்.

“போதும்யா! நாளைக்கும் இதே கதைன்னா அடுப்ப வாங்கின இடத்துலயே திருப்பிக் குடுத்துடறேன். கொல்லையில பழைய விறகடுப்பு கிடக்கு. எண்ணெய் அடுப்பு போயிட்டா வீட்டுக்காரருக்கும் அதுல ஆட்சேபம் இல்ல. அதையே தூக்கி வெச்சு அவ ஊதட்டும். கண்ணு எரிஞ்சா எரியட்டும்!”

திரைக்குப் பின்னால் ஒரு தட்டு விழுந்து உருண்டது.

மறுநாளும் அதே வெயில்தான். தெய்வநாயகம் வந்தார், பலகையை மாட்டினார், தேநீர் குடித்தார். தாவூத் வாசலுக்கும் திரைக்குமாக நடந்துகொண்டிருந்தான்.

“எண்பத்தெட்டு...” என்று குரல் வந்தது. தாவூத் கண்ணை மூடிக்கொண்டான். “எழுபத்தொன்பது!”

“ஆகா!” என்று தெய்வநாயகம் எழுந்தார். நஜ்முன்னிசா கொல்லைப்பக்கம் ஒதுங்கினாள். அடுப்பைப் பற்றவைத்ததும் சுடர் நீலமாக, துளிப் புகையில்லாமல் நின்று எரிந்தது. சீட்டில் முத்திரை விழுந்தது.

“அல்ஹம்துலில்லாஹ்! ஒரே ராத்திரியில காத்து இப்படிக் காஞ்சுபோச்சே!”

“காத்தோட குணம் அப்படி பாய். யாரால கணிக்க முடியும்? சரி, அடுத்தது பக்கத்து வீடு. உங்களப் பார்த்துட்டு அவங்களும் அடுப்பு வாங்கிட்டாங்க.”

அவரை வாசல்வரை கொண்டுபோய் விட்டுவிட்டு, நல்ல செய்தியை மனைவியிடம் சொல்லத் தாவூத் கொல்லைக்கு ஓடினான். வேலியோரம் அஸ்மாவின் காதுக்குள் நஜ்முன்னிசா கிசுகிசுத்துக்கொண்டிருந்தாள்:

“பொய் மட்டும் சொல்லிடாதே அஸ்மா, பாவம் வந்து சேரும். இருக்கிறத இருக்கிறபடியே படி. அவரு அந்தப்பக்கம் போனதும் துணிய உருவி, ஒட்டப் பிழிஞ்சு, கருவாட்டுப் பக்கத்துல காயப்போட்டு எடுத்து, நுனி தண்ணியில படாம மாட்டிடு, படிச்சதும் மறுபடி நனைச்சிடு. ஆனா உன் வீட்டு ஆளு விறகடுப்புன்னு வாயத் தொறந்தா மட்டும், மறுநாள் துணியத் தொடாதே!”