விதைச் சோளம்

நியூ ஜெர்சியின் முதல் சரித்திரம் அச்சுக்கூடத்துக் கொடியில் ஈரமாகத் தொங்குகிறது. டெலவேர் ஆற்றில் பனி உடைந்து, காகிதம் ஏற்றிய படகு வந்து, இன்றுதான் முதல் தாள். ஜன்னல் வெயில் படும் இடத்தில் எழுத்துகள் மினுங்குகின்றன. பதினோரு வருஷமாக இதை எழுதிய எலைஷா, தொட்டால் மை ஒட்டுமென்று கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு உரக்கப் படிக்கிறார். அச்சுக்காக முழுவதையும் நகலெடுத்துக் கொடுத்த அவர் மனைவி கெசையா தொப்பி நாடாவை விரலில் சுற்றியபடி நிற்கிறாள். கணவர் அடுத்த வரிக்கு வருகிறார். "குடியேறியவர்களுக்குப் பசி வந்த அந்த முதல் குளிர்காலத்தில், விதைச் சோளத்தை யாரும் தின்றுவிடாமல் காத்தவர்கள் பெண்கள்." எலைஷா நிறுத்துகிறார்.

"இது நான் எழுதலையே."

"நான்தான் எழுதினேன். எங்க அம்மா சொன்னது. உங்க புத்தகத்துல ஆளுநருங்க மட்டும்தான் இருந்தாங்க."

அச்சுக்காரர் பார்னபி எழுத்துகளில் மை தடவும் தோல் உருண்டையைக் கீழே வைக்கிறார். "ஒரு தாள்தான் ஓடியிருக்கு ஐயா. அந்த வரியை எடுத்துடவா?"

எலைஷா அந்த வரியை வாய்க்குள் மறுபடி படித்துப் பார்க்கிறார். முகம் மெல்ல மலர்கிறது.

"எடுக்காதீங்க. முதல் பக்கத்துக்குக் கொண்டுபோக முடியுமா?"

"முதல் பக்கத்துல இங்கிலாந்து ராஜா பேரு இருக்கு ஐயா."

"ராஜா சோளம் விதைச்சாரா என்ன?" என்கிறாள் கெசையா. பார்னபி சிரித்துக்கொண்டே அச்சின் கைப்பிடியை இழுக்கிறார். அடுத்த தாள் அதே வரியோடு வருகிறது.