நான் இங்க இல்ல

ஆவணப்பட இயக்குநர் ஜாபர் சாதிக் தன் படங்களில் யாரையும் கேள்வி கேட்கமாட்டார். பின்னணிக் குரலும் கிடையாது. கேமராவை ஓடவிட்டு ஓரமாக நிற்பார். எதிரே இருப்பவர் அவரை மறந்த பிறகுதான் படமே ஆரம்பிக்கும் என்பார்.

இந்த முறை படம், வெளிநாட்டில் கணவன் இருக்கும் குடும்பங்களைப் பற்றி. முதல் வீடு கோட்டக்குப்பத்தில், ஹாஜிராவுடையது.

“நான் இங்க இல்லன்னு நெனச்சிக்கினு வேலயப் பாத்தா போதும்.”

“அவ்ளோதானே? அது ஒண்ணும் கஷ்டமில்லீங்க.”

ஹாஜிரா மீன் ஆய்ந்தாள். கேஸ் சிலிண்டரை உருட்டிவந்து மாட்டினாள். மோட்டார் ரிப்பேர்காரரைப் போனில் ஒரு பிடி பிடித்தாள். ஒருமுறைகூடக் கேமரா பக்கம் திரும்பவில்லை.

ஜாபர் பூரித்துப்போனார். “மத்தவங்க என்னை மறக்கறதுக்கு ஒரு வாரமாவது ஆவும். இங்க அரை நாள்லயே ஆயிடுச்சே!”

மதியம் அவள் மகள் சமீரா பள்ளியிலிருந்து வந்தாள். ஹாஜிரா இரண்டு தட்டுகளில் சோறு போட்டு மீன்குழம்பை ஊற்றினாள். ஜாபர் கேமராவை நிறுத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

“எனக்கும் சோறு...”

“நீங்கதான் இங்க இல்லியே.”

“ஷூட்டிங் முடிஞ்சிடுச்சி, ஹாஜிரா.”

“பன்னெண்டு வருசமா துபாய்ல படம் புடிச்சிக்கினு இருந்துட்டு, போன வாரம்தான் ஊட்டோட வந்து சேந்தீங்க. நீங்க இல்லன்னு நெனைக்கறது எனக்குப் பழக்கம். இருக்கீங்கன்னு நெனைக்கத்தான் இனிமே பழகணும்.”

சமீரா சிரித்துவிட்டாள். ஜாபர் எழுந்து சமையலறைக்குள் போனார். இரண்டு அலமாரிகளைத் திறந்து மூடினார்.

பிறகு, கேள்வியே கேட்காத இயக்குநர் கேட்டார்:

“ஹாஜிரா, நம்ம வீட்ல தட்டெல்லாம் எங்க இருக்கு?”