எதிர்க் கதவு

மாசிலாமணி தினமும் வீட்டைப் பூட்டும்போது "போயிட்டு வரேன்" என்று சொல்வார். உள்ளே சொல்லிக்கொள்ள யாரும் கிடையாது. மனைவி இருந்தபோது ஒட்டிக்கொண்ட பழக்கம், அவள் போய்ச் சேர்ந்த பிறகும் வாயை விட்டுப் போகவில்லை. ஆபீஸில் அவர் வந்தாரா என்று கவலைப்படுவது வாசலில் இருக்கும் கைரேகை மெஷின் ஒன்றுதான். எதிர் ஃபிளாட்டில் யாரோ குடிவந்து இரண்டு வருஷம் ஆகிறது. தாளிக்கிற வாசனை தெரியும், முகம் தெரியாது.

அன்று காலை சாவியை உள்ளே ஆணியிலேயே விட்டுவிட்டு வெளியே வந்தார். இழுத்துச் சாத்தினால் தானாகப் பூட்டிக்கொள்ளும் கதவு. இனி அதைத் திறக்கும் எண்ணம் அவருக்கு இல்லை. எங்கே போவது என்றுகூட யோசித்திருக்கவில்லை, அவ்வளவு அலுப்பு. சாத்தினார். "போறேன்" என்றார்.

"போறேன்னு சொல்லாதீங்க சார்" என்றது எதிர்க் கதவு.

உள்ளிருந்து ஒரு பெண்குரல். "தினமும் ஒழுங்காத்தானே சொல்லுவீங்க? நானும் இங்கேருந்தே 'சரி, பாத்துப் போங்க'ன்னு சொல்லுவேன். இன்னைக்கு என்ன ஆச்சு?"

லிஃப்ட் வந்து திறந்து, ஆளில்லாமலே மூடிக்கொண்டு கீழே போனது.

"போயிட்டு வரேம்மா" என்றார். சொன்ன பிறகுதான் சட்டைப் பையைத் தடவினார்.

"ஏம்மா, பூட்டு திறக்கிற ஆளு யாராவது தெரியுமா?"

உள்ளே தாழ்ப்பாளில் வளையல் இடிக்கும் சத்தம் கேட்டது.